கூடையை மட்டும் திருப்பிக் கொடுத்துவிடுங்கள்

டெஸ்பரேட் ஹவுஸ்வைவ்ஸ் என்ற அமெரிக்க டிவி தொடரைப் பார்த்தவர்களிடம் அதைப் பற்றிக் கேட்டால் கொலை, கள்ள உறவு, நீச்சல் குளத்துக்கு அடியிலிருந்து கிளம்பும் பெட்டி என்றுதான் ஆரம்பிப்பார்கள். தப்பில்லை. எட்டு சீசன், 180 எபிசோடு, அத்தனையிலும் அதெல்லாம் வண்டி வண்டியாக இருக்கிறது. எனக்கு என்னவோ அந்தத் தொடர் என்றாலே முதல் எபிசோடில் வரும் இரண்டு கூடைகள்தான் ஞாபகம் வரும்.

மேரி ஆலிஸ் யங் என்ற பெண் ஒரு வியாழக்கிழமை வீட்டு வேலைகளை ஒழுங்காக முடித்துவிட்டு, அலமாரியிலிருந்து துப்பாக்கியை எடுத்துத் தன்னைச் சுட்டுக்கொள்கிறாள். துக்க வீட்டுக்குத் தெருவே சாப்பாடு கொண்டுவருகிறது. பிரீ வான் டி காம்ப் இரண்டு கூடைகளோடு வருகிறாள். சிவப்பு ரிப்பன் கட்டியது வந்துபோகிறவர்களுக்கான இனிப்பு, நீல ரிப்பன் கட்டியது உங்களுக்கும் பையனுக்கும், காலையில் சாப்பிட ரோல், மஃபின் எல்லாம் வைத்திருக்கிறேன், நீங்கள் இருவரும் துக்கத்தில் நிலைகுலைந்து போயிருப்பீர்கள் என்று தெரியும், என்கிறாள். எல்லாம் சரியாகச் சொல்லிவிட்டு, அதே சிரிப்போடு, சாப்பிட்டு முடித்ததும் கூடையைத் திருப்பிக் கொடுத்துவிடுங்கள் என்று முடிக்கிறாள். பாத்திரம் திரும்பி வரவேண்டுமே என்ற கவலை எல்லா ஊர்ப் பெண்களுக்கும் உண்டு, ஆனால் அதைச் சாவு வீட்டு வாசலில் நின்று வாய்விட்டுச் சொல்ல ஒரு பிரீயால்தான் முடியும். பிரீயாக நடித்த மார்சியா கிராஸ் அந்த ஒரு வரியைச் சொல்லும் விதத்திலேயே இந்தப் பெண் எத்தனை இறுக்கமாகத் தன்னைக் கட்டி வைத்திருக்கிறாள் என்பது தெரிந்துவிடும்.

சமீபத்தில் முதல் சீசனை மறுபடி பார்த்தேன். முன்பு ஸ்டார் வேர்ல்டில் பார்த்தபோது மர்மம்தான் பிடித்திருந்தது, மேரி ஆலிஸுக்கு வந்த மிரட்டல் கடிதத்தை யார் எழுதியது, பெட்டிக்குள் என்ன இருந்தது, இதெல்லாம். இப்போது விடை தெரிந்திருப்பதால் மர்மம் எல்லாம் பின்னால் போய், சமையலறையும் சாப்பாட்டு மேசையும் முன்னால் வந்து நின்றுவிட்டன. என் அபிப்பிராயம் இதுதான்: இந்தத் தொடரின் கொலைகள் எல்லாம் டிக்கெட் விற்பதற்காகப் போட்ட போஸ்டர். உள்ளே ஓடிய படம் வேறு. நல்ல வீடு, நல்ல புருஷன், நல்ல பிள்ளைகள் எல்லாம் இருந்தும் மூச்சு முட்டுகிறது என்பதைப் பக்கத்து வீட்டுக்காரியிடம்கூடச் சொல்ல முடியாமல் இருக்கிறார்களே, அதுதான் படம்.

இதை நான் வலிந்து கண்டுபிடிக்கவில்லை, தொடர் பிறந்த கதையே அதுதான். ஹூஸ்டனுக்குப் பக்கத்தில் ஒரு புறநகரில் ஆண்ட்ரியா யேட்ஸ் என்ற பெண் 2001-இல் தன் ஐந்து குழந்தைகளையும் குளியல் தொட்டியில் மூழ்கடித்துக் கொன்றாள். கடுமையான மனநோய் இருந்தவள், முதலில் ஆயுள் தண்டனை, பிறகு 2006-இல் நடந்த மறுவிசாரணையில் மனநிலை காரணமாகக் குற்றவாளி அல்ல என்று தீர்ப்பு. முதல் வழக்கு நடந்துகொண்டிருந்த நாட்களில் இந்தத் தொடரை உருவாக்கிய மார்க் செர்ரி தன் அம்மாவோடு உட்கார்ந்து செய்தி பார்த்திருக்கிறார். ஒரு பெண் இந்த அளவுக்குப் போவாள் என்று நினைத்துப் பார்க்க முடிகிறதா என்று இவர் கேட்க, அம்மா வாயிலிருந்த சிகரெட்டை எடுத்துவிட்டு, நானும் அந்த இடத்தில் இருந்திருக்கிறேன் என்றாராம். செர்ரிக்குத் தூக்கிவாரிப் போட்டிருக்கிறது. அவருடைய அம்மா குழந்தைகளை வளர்ப்பதே தன் வேலை என்று விரும்பி ஏற்றுக்கொண்டவர், அதில் நிறைவோடு இருந்தவர் என்றுதான் அவர் அதுவரை நினைத்திருந்தார். நாற்பதை நெருங்கும் மகனுக்கு அம்மாவின் அந்தப் பக்கம் அன்றைக்குத்தான் தெரிகிறது, அதுவும் ஊரில் ஒருத்தி ஐந்து பிள்ளைகளைக் கொன்ற செய்தி டிவியில் ஓடியதால்.

செர்ரி அப்போது வேலை இல்லாமல் இருந்தார். கோல்டன் கேர்ள்ஸ் தொடருக்கு எழுதியவர் என்ற பழைய பெருமை மட்டும் கையில். இந்தக் கதையை எழுதி எடுத்துக்கொண்டு போனால் எச்பிஓ, சிபிஎஸ், என்பிசி, ஃபாக்ஸ் என்று சேனல்கள் வரிசையாக வேண்டாம் என்றார்கள். அப்புறம் இதை நையாண்டி நாடகம் என்று சொல்லாமல் மர்மம் கலந்த சோப் ஆபரா என்று சொல்லி விற்றதும் ஏபிசி வாங்கிக்கொண்டது. 2004 அக்டோபர் 3 ஞாயிறு இரவு முதல் எபிசோடு ஒளிபரப்பானபோது பார்த்தவர்கள் 2 கோடிக்கும் மேல். அடுத்த வருஷம் ஏப்ரலில் வெள்ளை மாளிகை நிருபர்கள் விருந்தில் ஜனாதிபதியின் மனைவி லாரா புஷ் எழுந்து நின்று, இவர் ஒன்பது மணிக்கெல்லாம் தூங்கிவிடுகிறார், நான் உட்கார்ந்து டெஸ்பரேட் ஹவுஸ்வைவ்ஸ் பார்க்கிறேன், நானே ஒரு டெஸ்பரேட் ஹவுஸ்வைஃப்தான் என்று போட்டு உடைத்தார். பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஜனாதிபதி உட்பட அரங்கமே சிரித்தது. சிரிப்பதற்காகச் சொன்னதுதான், எழுதிக் கொடுத்ததாகவும் இருக்கலாம். ஆனால் அந்த விருந்தில் அத்தனை பேருக்கும் நகைச்சுவை விளங்கியது என்றால் தொடர் எத்தனை வீடுகளுக்குள் போயிருந்தது என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

தெருவைப் பற்றிச் சொல்ல வேண்டும். கதை நடக்கும் விஸ்டீரியா லேன் என்று நிஜத்தில் ஒரு தெரு கிடையாது. யுனிவர்சல் ஸ்டுடியோவின் பின்பக்கம் இருக்கும் கொலோனியல் ஸ்ட்ரீட் என்ற செட் தெருதான் அது, சுற்றுலா டிராமில் போகிறவர்கள் இன்றும் வீடுகளை எட்டிப் பார்க்கிறார்கள். வேடிக்கை என்னவென்றால், அமெரிக்கக் குடும்பம் என்றால் இப்படித்தான் இருக்க வேண்டும் என்று ஒரு தலைமுறைக்கே சொல்லிக்கொடுத்த லீவ் இட் டு பீவர் தொடரின் வீடும் இந்தத் தெருவில்தான் இருந்தது. அப்பா கோட்டு சூட்டில் வேலைக்குப் போவார், அம்மா முத்துமாலை போட்டுக்கொண்டு வீடு கூட்டுவாள், பையன் சின்னக் குறும்பு ஏதாவது செய்து கடைசியில் திருந்துவான், அந்த மாதிரித் தொடர். சுமார் ஐம்பது வருஷம் கழித்து அதே ஸ்டுடியோ தெருவில், முத்துமாலை போட்ட இன்னொருத்தியைக் கொண்டுவந்து நிறுத்தி, இவள் உள்ளே எப்படி இருக்கிறாள் என்று பார்ப்போமா என்று கேட்டிருக்கிறார்கள்.

அந்தப் புறநகர் வாழ்க்கையே ஒருவிதத்தில் விதிமுறைகளோடு கட்டி விற்கப்பட்டதுதான். இரண்டாம் உலகப் போர் முடிந்து லட்சக்கணக்கான சிப்பாய்கள் வீடு திரும்ப, அவர்களுக்கு அரசு உத்தரவாதத்தோடு வீட்டுக்கடன் கிடைக்க, நியூயார்க்குக்குப் பக்கத்தில் லாங் ஐலண்டில் லெவிட் நிறுவனம் 1947-இலிருந்து நாலைந்து வருஷத்தில் உருளைக்கிழங்கு வயல்களின் மேல் 17,000-க்கும் அதிகமான வீடுகளைக் கட்டித் தள்ளியது. வீடு கொடுக்கும்போதே ஒப்பந்தத்தில் நிபந்தனைகள்: வேலி போடக் கூடாது, புல்லை வாராவாரம் வெட்ட வேண்டும். வெள்ளையர் அல்லாதவர் குடியிருக்கக் கூடாது என்பதும் அதே ஒப்பந்தத்தில் இருந்த ஷரத்துதான். ஆண்கள் காலையில் ரயிலேறி நகரத்துக்குப் போய்விடுவார்கள். ஒரே மாதிரி வீடுகளில், வேலியில்லாத முற்றங்களோடு, பகல் முழுக்க இருந்தவர்கள் பெண்களும் குழந்தைகளும். எல்லாம் எல்லாருக்கும் தெரியும், ஆனால் யாரும் யாரிடமும் எதுவும் சொல்வதில்லை என்ற நிலைமை அங்கேதான் தொடங்குகிறது. விஸ்டீரியா லேனில் மார்த்தா ஹியூபர் என்ற பக்கத்து வீட்டு அம்மா அடுத்தவள் ரகசியத்தைத் துருவி ஒரு மிரட்டல் கடிதம் எழுதியே மேரி ஆலிஸைச் சாவுக்குத் தள்ளுகிறாளே, அந்தக் கதாபாத்திரம் புறநகர் இல்லாமல் சாத்தியமே இல்லை.

சரி, பிரீக்கு வருவோம். முதல் எபிசோடில் ஒரு இரவுச் சாப்பாடு. துளசி மாதிரி இருக்குமே பேசில், அந்த இலையை அரைத்து ஒரு சூப் வைத்திருக்கிறாள். மகள், நாம் ஏன் மற்றவர்கள் கேள்விப்பட்ட சூப்பைச் சாப்பிடக் கூடாது, வெங்காய சூப் மாதிரி ஏதாவது, என்கிறாள். உன் அப்பாவுக்கு வெங்காயம் ஒத்துக்கொள்ளாது, உயிருக்கே ஆபத்து என்கிறாள் பிரீ. (இந்த வரியை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.) மகன், என் சிநேகிதன் அம்மா வேலையிலிருந்து வந்து ஒரு பீன்ஸ் டப்பாவைத் திறக்கிறார், எல்லாரும் சாப்பிடுகிறார்கள், சந்தோஷமாக இருக்கிறார்கள் என்கிறான். இதற்குப் பிரீ கேட்கும் கேள்வி, நீ போதை மருந்து ஏதாவது எடுக்கிறாயா? டப்பா பீன்ஸ் கேட்கும் பிள்ளைக்கு வேறு என்ன காரணம் இருக்க முடியும் அவளுக்கு! சிரித்துக்கொண்டே பார்த்தேன், ஆனால் மணிக்கணக்கில் சமைத்தவளின் முகத்தில் அந்த ஒரு நொடி விழும் அடி இருக்கிறது பாருங்கள், அதைச் சமைத்துப் போட்டவர்கள் யாரும் தவறவிட மாட்டார்கள்.

அடுத்து அவர்கள் ஒரு சாதாரணக் குடும்ப உணவகத்துக்குப் போகிறார்கள். பிள்ளைகள் எழுந்து விளையாடப் போனதும் கணவன் ரெக்ஸ், எனக்கு விவாகரத்து வேண்டும், இந்தச் சோப்புத்தூள் விளம்பரத்துக்குள் என்னால் இனி வாழ முடியாது என்கிறான். பிரீ அழவில்லை, கத்தவில்லை. சாலட் எடுத்து வருகிறேன் என்று எழுந்து போகிறாள், தட்டில் ஒவ்வொன்றாக எடுத்துப் போடுகிறாள், அந்த மனநிலையில் வெங்காயமும் விழுந்துவிடுகிறது. ரெக்ஸ் மூச்சுத் திணறித் தரையில் சரிகிறான். தெரிந்து போட்டாளா, தெரியாமல் போட்டாளா? நான் எத்தனை முறை பார்த்தாலும் முடிவு செய்ய முடிவதில்லை, அவளுக்கே தெரிந்திருக்காது என்றுதான் தோன்றுகிறது.

மருத்துவமனைக் காட்சி இன்னும் நுணுக்கமானது. டோஸ்ட்டைக் கருக்கிவிட்டுச் சிரித்த, பாலை டப்பாவோடு தூக்கிக் குடித்த அந்தப் பெண் எங்கே போனாள், எனக்கு அவள்தான் வேண்டும், இந்த உயிரில்லாத கச்சிதம் வேண்டாம் என்கிறான். பிரீ பூச்சாடியைப் பார்த்து, இதற்குத் தண்ணீர் ஊற்ற வேண்டும் என்று சொல்லிவிட்டுக் குளியலறைக்குள் போகிறாள். ஐந்து நிமிஷம் சத்தமில்லாமல் அழுதாள், ஆனால் கணவனுக்கு அது தெரியவே தெரியாது, ஏனென்றால் வெளியே வந்தபோது அவள் கச்சிதமாக இருந்தாள் என்று கதைசொல்லியின் குரல் சொல்கிறது. கதவுக்கு இந்தப் பக்கம் அவன் கேட்டுக்கொண்டிருந்த பெண் கதவுக்கு அந்தப் பக்கம் நின்று அழுதுகொண்டிருக்கிறாள். சேர்ந்து சிரித்தவளைத் தேடுகிறவனுக்கு, அழ ஒரு இடம் கொடுத்தோமா என்று கேட்கத் தோன்றவில்லை. சீசன் முடிவில் ரெக்ஸ் இறந்த செய்தி தொலைபேசியில் வரும்போது அவள் வெள்ளிக் கரண்டிகளைத் துடைத்துக்கொண்டிருக்கிறாள். போனை வைத்துவிட்டு மிச்சத்தையும் துடைத்து முடித்த பிறகுதான் உடைகிறாள்.

பிரீ, லினெட், கேபி, சூசன் என்று தொடரின் நாயகிகள் நான்கு பேரில் என் ஓட்டு ஆனாலும் லினெட்டுக்குத்தான். விளம்பர நிறுவனத்தில் மேலே மேலே போய்க்கொண்டிருந்தவள், கர்ப்பமானதும் கணவன் டாம் சொல்ல வேலையை விட்டவள், ஆறு வயதுக்குள் நாலு குழந்தை, அதில் இரட்டையர்கள் இரண்டு பேரும் சூறாவளி. கடையில் பழைய அலுவலகத் தோழியைப் பார்க்கிறாள். அம்மாவாக இருப்பது எவ்வளவு சந்தோஷம் இல்லையா என்று அவள் கேட்கிறாள். இதற்கு ஒரே ஒரு பதில்தான் ஏற்றுக்கொள்ளப்படும் என்று லினெட்டுக்குத் தெரியும். நான் பார்த்த வேலைகளிலேயே இதுதான் சிறந்தது, என்கிறாள், இடுப்பில் குழந்தை, பின்னால் பையன்கள் கடையையே இரண்டாக்கிக்கொண்டிருக்கிறார்கள். லினெட்டாக நடித்த ஃபெலிசிட்டி ஹஃப்மனுக்கு 2005-இல் எம்மி விருது கிடைத்தது. சக நடிகைகளில் இரண்டு பேர் அதே பட்டியலில் இருந்தும் அவரிடம் போனது எனக்கு ஆச்சரியமில்லை.

பிறகு பள்ளி நாடகம் வருகிறது. சிவப்புக் குல்லாய்ச் சிறுமி கதை. மற்ற அம்மாக்களுக்கு முன்னால் தோற்கக் கூடாது என்று அத்தனை உடைகளையும் தைத்துத் தருவதாக ஒத்துக்கொள்கிறாள். இரவு பகலாகத் தைக்கத் தெம்பு இல்லை. இன்னொரு அம்மா ரகசியமாகச் சொல்லிக்கொடுக்கிறாள், பிள்ளைகளின் கவனக்குறைபாட்டு மாத்திரை இருக்கிறதே, அதில் ஒன்றைப் போட்டுக்கொள், பெரியவர்களுக்குத் தூக்கமே வராது என்று. ஒன்று போடுகிறாள். வீடு பளபளக்கிறது, உடைகள் தயார், எல்லாரும் புகழ்கிறார்கள். இன்னொன்று. இன்னும் ஒன்று. அப்புறம் தூக்கம் போகிறது, நிதானம் போகிறது, செத்துப்போன மேரி ஆலிஸ் வந்து துப்பாக்கியை நீட்டுவது போல் பிரமை வருகிறது. பிள்ளைகளைச் சூசன் வீட்டில் விட்டுவிட்டுக் காரை எடுத்துக்கொண்டு போய்விடுகிறாள்.

சூசனும் பிரீயும் தேடிப் போனால் ஒரு விளையாட்டு மைதானத்தில் தனியாக உட்கார்ந்திருக்கிறாள். என் பிள்ளைகள் மேல் உயிரையே வைத்திருக்கிறேன், நான் அவர்களுக்கு அம்மாவாக வாய்த்ததுதான் பாவம் என்று அழுகிறாள். மற்ற அம்மாக்களுக்கு உதவி தேவைப்படுவதில்லை, என்னால் மட்டும்தான் முடியவில்லை என்கிறாள். யார் சொன்னது, மகள் கைக்குழந்தையாக இருந்தபோது எனக்குத் தினமும் பைத்தியம் பிடிக்காத குறைதான் என்கிறாள் சூசன். பிரீ இன்னும் ஒரு படி மேலே. என் பிள்ளைகள் சின்னவர்களாக இருந்தபோது அவர்கள் மதியம் தூங்கும் நேரத்தில்தான் நான் அழுவேன் என்கிறாள். யார்? பிரீ! லினெட் நிமிர்ந்து பார்த்து, இதை ஏன் என்னிடம் முன்பே சொல்லவில்லை என்கிறாள். கோபம் பாதி, அழுகை பாதி. முடியவில்லை என்று ஒத்துக்கொள்ள யாருக்கும் பிடிக்காதே என்கிறாள் பிரீ. எட்டாவது எபிசோடு இது. புல்தரையில் நல்ல உடுப்போடு மூன்று பெண்கள் உட்கார்ந்திருக்கிறார்கள், கொலை இல்லை, மர்மம் இல்லை, தொடரின் மொத்த உயிரும் இந்தச் சில நிமிஷத்தில் இருக்கிறது. மார்க் செர்ரியின் அம்மா சொன்ன அந்த ஒரு வரியை எடுத்து மூன்று பேர் வாயில் பிரித்துக் கொடுத்திருக்கிறார்கள்.

நம் மெகா சீரியல்களில் இதற்கு நேர் எதிர். அங்கே யாரும் எதையும் மனதில் வைத்துக்கொள்வதே இல்லை. வில்லி தன் திட்டத்தைக் கேமராவைப் பார்த்து முழுசாகச் சொல்வாள், கதாநாயகி பூஜையறையில் சாமியிடம் வாய்விட்டுச் சொல்வாள், கதவுக்குப் பின்னால் நின்று ஒருத்தி கேட்டுக்கொண்டும் இருப்பாள். கூட்டுக் குடும்பத்துக் கதைக்கு அது பொருந்திப்போகிறது, எதிரி வீட்டுக்குள்ளேயே ஒரு மாமியாராகவோ நாத்தனாராகவோ இருக்கிறாள். விஸ்டீரியா லேனில் அப்படி விரல் நீட்ட ஆள் இல்லை. டாம் நல்லவன், ரெக்ஸும் கெட்டவன் இல்லை. யார் மேலும் பழி போட முடியாத கஷ்டத்தை எப்படிச் சொல்வது? சொன்னால், உனக்கு என்ன குறைச்சல் என்பார்கள். என் அத்தை ஒருமுறை கூட உட்கார்ந்து பார்த்துவிட்டு, "இவளுக்கு என்னடி குறை, வாஷிங் மெஷின் இருக்கு, கார் இருக்கு, மாமியார்கூட இல்லையே!" என்றார். பத்து நிமிஷம் கழித்து அவரே, "பேச்சுத்துணைக்கு ஒரு ஆள்கூட இல்லையே பாவம்" என்றார். அதற்குமேல் விமர்சனம் எழுத எனக்குத் தெரியாது.

கேபியைப் பற்றி இரண்டு விதமாகத்தான் சொல்ல முடியும். ஒருபக்கம், தொடரின் மிகக் கூர்மையான வசனம் அவளுடையது. அவளோடு கள்ள உறவில் இருக்கும் தோட்டக்காரப் பையன் ஜான் கேட்கிறான், பிறகு ஏன் உங்கள் கணவரைக் கல்யாணம் செய்துகொண்டீர்கள்? நான் விரும்பியதெல்லாம் தருவதாகச் சொன்னார். தந்தாரா? தந்தார். பிறகு ஏன் சந்தோஷமாக இல்லை? விரும்பியதெல்லாம் தப்பாக விரும்பிவிட்டேன் போலிருக்கிறது. ஈவா லாங்கோரியா இதைச் சோகமாகச் சொல்லாமல், அன்றைக்குத்தான் தனக்கே தெரியவந்த மாதிரி சொல்வார். ஜான் வேலை செய்யாமல் போனது கணவனுக்குத் தெரியக் கூடாதென்று விருந்திலிருந்து நழுவி வந்து, ராத்திரி இருட்டில் பார்ட்டி கவுனோடு புல்வெட்டும் இயந்திரத்தைத் தள்ளுவாளே, லெவிட் ஒப்பந்தத்தின் புல் ஷரத்துக்கு அதைவிட நல்ல நையாண்டி கிடையாது. மறுபக்கம், அந்தப் பையனுக்குப் பதினேழு வயது. தொடர் அதை ஒரு குஷியான ரகசியமாகவே வைத்து ஓட்டுகிறது. ஆண் பெண் மாறியிருந்தால் இப்படி எழுதியிருப்பார்களா? இன்று பார்க்கும்போது எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்தத் தெருவில் புல் வெட்டுகிறவர்கள், துணி துவைக்கிறவர்கள் பக்கம் கேமரா திரும்புவதும் பெரும்பாலும் சிரிப்புக்காகத்தான்.

சூசன் எனக்கு எப்போதுமே எரிச்சல். சாவி இல்லாமல் துண்டோடு வெளியே மாட்டிக்கொள்வது, தடுக்கி விழுவது, மெழுகுவர்த்தியைத் தட்டிவிட்டு அடுத்தவள் வீட்டை எரிப்பது. டெரி ஹாட்சருக்கு கோல்டன் குளோப் கிடைத்தது, கிடைக்கட்டும்.

இதில் மேரி ஆலிஸைக் கதைசொல்லியாக வைத்ததுதான் செர்ரியின் பெரிய சாமர்த்தியம் என்பேன். பிரெண்டா ஸ்ட்ராங்கின் அந்த நிதானமான, கொஞ்சம் இனிப்பான குரல். செத்த பிறகு அவளுக்கு எல்லார் வீட்டு உள்ளும் தெரிகிறது, யாரையும் குறை சொல்லாமல் சொல்கிறாள். உயிரோடு இருக்கும்வரை அந்தத் தெருவில் ஒருத்திக்கும் இந்தச் சலுகை கிடையாது. அவள் தன் ரகசியத்தை மட்டும் தோழிகளில் ஒருத்தியிடமாவது சொல்லியிருந்தால் என்ற கேள்விதான் முதல் சீசன் முழுக்க அடியில் ஓடுகிறது. தொடருக்குத் தேவையான கொலைக் கதையையும் அந்தத் தெருவின் வாய்மூடிய வாழ்க்கையையும் இந்த ஒரு பாத்திரம் சேர்த்துப் பிடித்துக்கொண்டது. இரண்டாம் சீசனிலிருந்து அந்தப் பிடி விட்டுப்போயிற்று.

மர்மத்துக்குப் புதுசாக ஆள் வேண்டுமே, ஒவ்வொரு வருஷமும் ஒரு புதுக் குடும்பம் குடிவந்தது. முதலில் வந்த ஆப்பிள்வைட் குடும்பம் அந்தத் தெருவின் முதல் முக்கியமான கறுப்பினக் குடும்பம், அல்ஃப்ரே வூடார்ட் மாதிரி ஒரு நடிகையைக் கொண்டுவந்துவிட்டு அவர் கையில் கொடுத்த கதை, நிலவறையில் சங்கிலி போட்டுக் கட்டிய மகன். வெள்ளையர் மட்டும் என்று எழுதி விற்ற புறநகருக்குள் ஒரு கறுப்பினப் பெண் குடிவந்தால் என்னவெல்லாம் பேசலாம்! ஒன்றும் பேசவில்லை. அப்புறம் விபத்துகள். மூன்றாம் சீசனில் சூப்பர்மார்க்கெட்டில் துப்பாக்கியோடு ஒருத்தி, நான்கில் சூறைக்காற்று, ஐந்தில் கிளப்பில் தீ, ஆறில் விமானம் தெருவில் வந்து விழுகிறது. விமானம்! டப்பா பீன்ஸில் அத்தனை நாடகம் பார்க்கத் தெரிந்த ஆட்கள் இவர்கள். 2007-இல் பிலிப்பைன்ஸ் மருத்துவக் கல்லூரிகளைக் கேலி செய்து சூசன் வாயில் ஒரு வசனம் வைத்து, அந்த நாட்டு மக்கள் கொதித்து, ஏபிசி மன்னிப்புக் கேட்க வேண்டி வந்தது. ஐந்தாம் சீசனில் கதையை ஐந்து வருஷம் முன்னே தள்ளி, பிரீயைச் சமையல் புத்தகம் எழுதிப் புகழ்பெற்றவளாகக் காட்டியது மட்டும் எனக்குப் பிடித்தது. குடும்பத்தில் ஒருவரும் பாராட்டாத அந்தச் சமையலை ஊரே காசு கொடுத்து வாங்கியது, அவளுக்குக் கிடைக்க வேண்டிய நியாயம்தான்.

2012 மே 13-இல் முடித்தார்கள். கடைசியில் நான்கு பேரும் ஒவ்வொருவராகத் தெருவை விட்டுப் போகிறார்கள், லினெட் நியூயார்க்குக்கு, கேபி கலிஃபோர்னியாவுக்கு, பிரீ கென்டக்கிக்குப் போய் அரசியலில். யாருமே அந்தத் தெருவில் தங்கவில்லை என்பதை நான் கவனித்தது இரண்டாம் முறைதான். இதற்கு ஒரு பின்கதையும் இருக்கிறது: மற்ற அம்மாக்களுக்கு ஈடுகொடுக்க முடியாமல் மாத்திரை விழுங்கிய லினெட்டாக நடித்த ஹஃப்மன், 2019-இல் தன் மகளின் கல்லூரி நுழைவுத் தேர்வு மதிப்பெண்ணைத் திருத்த 15,000 டாலர் கொடுத்ததாகக் குற்றத்தை ஒத்துக்கொண்டு 14 நாள் சிறைத்தண்டனை பெற்றார். இப்படி ஒரு திருப்பத்தை எழுத்தாளர் எழுதியிருந்தால் ரொம்ப ஓவர் என்று நானே திட்டியிருப்பேன்.

புதிதாகப் பார்க்கப் போகிறவர்களுக்கு: முதல் சீசனின் 23 எபிசோடையும் பாருங்கள், எட்டாவதை அவசரப்படாமல் பாருங்கள். அதற்குமேல் வேண்டுமென்றால் மூன்றாம் சீசனின் சூப்பர்மார்க்கெட் எபிசோடு, ஐந்தாம் சீசனின் தொடக்கம். விமானம் விழும் இடத்துக்கு வந்துவிட்டீர்கள் என்றால் டிவியை அணைத்துவிட்டுப் போய் வேறு வேலை பாருங்கள். சூசன் வரும் காட்சிகளை ஓட்டிவிட்டாலும் கதை புரியும், நான் உத்தரவாதம்.